மாடு நின்ற வாசல்

எங்கள் ஊர் மாதா கோயிலுக்கு இடம் பார்த்தது யார் என்று கேட்டால், எந்த வீட்டுக்காரரும் யோசிக்காமல் ‘மாடு’ என்பார். சொல்லும்போது ஒரு பெருமை வேறு. மற்ற ஊர்க் கோயில்களுக்கு ராஜாவோ ஜமீனோ இடம் கொடுத்திருப்பார்கள். எங்கள் கோயிலுக்கு இரண்டு காளைகள் கொடுத்தன. நான் இந்த ஊருக்கு வந்த புதிதில் இந்தக் கதையைக் கேட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தவள். பிறகு அதே கதைக்குள் நானே தலைகுப்புறப் போய் விழுந்தேன்.

நாயக்கர் காலம் என்பார்கள். பெரியாற்றுத் தண்ணீர் மலையைக் குடைந்து இந்தப் பள்ளத்தாக்குக்கு வருவதற்கு வெகுகாலம் முன்பு. மலையாளப் பக்கமிருந்து ஒரு வெள்ளைக்காரச் சாமியார், மரத்தில் செய்த மாதா சிலையை வைக்கோலில் சுற்றிக் கூண்டு வண்டியில் வைத்துக்கொண்டு, மலையிறங்கி மதுரைக்குப் போய்க்கொண்டிருந்தாராம். நல்ல கோடை. வழியில் எந்த ஊரிலும் ஒரு வாய்த் தண்ணீர் கிடைக்கவில்லை. யாரோ எவரோ, என்ன நோயோ என்று ஜனங்கள் கதவைச் சாத்திக்கொண்டார்கள். இங்கே வந்ததும் மாடு நின்றுவிட்டது. அதட்டினார்கள், சாட்டையைச் சொடுக்கினார்கள், வாலைக்கூட முறுக்கிப் பார்த்தார்கள். நகரவில்லை. பக்கத்துத் தோட்டத்தில் கமலையில் தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்த ஒரு சம்சாரி, அதாவது விவசாயி, பாவம் என்று சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து வண்டிக்காரனுக்குக் கொடுத்தார். ‘மாதா இங்கேயே தங்க ஆசைப்படுகிறாள்’ என்று சாமியார் சொல்லிவிட்டார். முதலில் ஓலைக் கொட்டகை, பிறகு மண்சுவர், பிறகு காரைக் கட்டடம், கடைசியில் உத்தமபாளையம் ரோட்டிலிருந்தே தெரிகிற இரட்டைக் கோபுரம்.

இது நடந்ததற்குத் தாளில் சான்று ஒன்றும் இல்லை என்று பங்குச் சாமியார் சங்கடத்தோடு சொல்வார். ஆனால் ஊரில் சான்று உயிரோடு நடமாடியது. அந்த வண்டிக்காரனின் வம்சம் இங்கேயே வேதத்தில் சேர்ந்து தங்கிவிட்டது. தண்ணீர் கொடுத்த சம்சாரியின் வம்சம் இந்துவாகவே இருந்தது. மாதாவுக்கு அதில் ஒரு வருத்தமும் இருந்ததாகத் தெரியவில்லை. வருஷா வருஷம் மே மாதத் திருவிழாவில் அந்தக் கதையை அப்படியே நடத்திக் காட்டுவார்கள். வண்டியும் வண்டிக்காரனும் அந்தக் கிறிஸ்தவ வீட்டு உரிமை. காளைகளும் முதல் தண்ணீரும் சம்சாரி வீட்டு உரிமை. ஊர் எல்லையிலிருந்து மாதா கூண்டு வண்டியில் வருவாள். கோயில் முன்னால், முதலில் மாடு நின்ற இடம் என்று நட்டிருக்கிற கல்லுக்கு நேரே காளைகள் தாமாக நிற்க வேண்டும். நின்றதும் சம்சாரி வீட்டுப் பெரியவர் சொம்புத் தண்ணீரை வண்டிக்காரனிடம் நீட்டுவார். அதுவரை வண்டிக்காரன் விடிந்ததிலிருந்து ஒரு பொட்டுத் தண்ணீர் குடிக்கக் கூடாது, தரையில் கால் வைக்கக் கூடாது, மாட்டை அடிக்கவும் கூடாது. அவன் கைச் சாட்டைக்குப் பூச்சுற்றி வைத்திருப்பார்கள். ஓடைப்பட்டிக்காரர்கள் முதல் அறுப்புத் திராட்சைக் குலையோடு வருவார்கள். சுருளிப்பட்டியிலிருந்து மொட்டை போடக் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். நேர்த்திக்கடனாக உப்பும் மிளகும் கொட்டிக் கொட்டிக் கோயில் முற்றமே நெறுநெறுக்கும்.

காளைகள் எப்படித் தாமாக நிற்கும் என்று நீங்கள் கேட்கலாம். நானும் கேட்டேன். கொடியேறுவதற்கு முன்பிருந்தே தினம் சாயங்காலம் வெறும் வண்டியைப் பூட்டி, அதே தெரு வழியாக ஓட்டிவந்து, அந்தக் கல்லுக்கு முன்னால் நிறுத்திப் பருத்திக்கொட்டையும் புண்ணாக்கும் வைப்பார்கள். பழகிவிட்டால் திருவிழா அன்று காளைகள் அங்கே நிற்காமல் எங்கே போகும்? இது எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும் அன்றைக்கு மாடு நிற்கிறபோது எல்லோரும் அழுவார்கள். பழக்கிய கையே கண்ணைத் துடைத்துக்கொள்ளும். முதல் தடவை பார்த்தபோது எனக்கு இது பித்துக்குளித்தனமாகப் பட்டது. அடுத்த வருஷம் நானும் அழுதேன்.

நான் தேனிக்காரி. அப்பாவுக்குத் தேனி பஜாரில் வெல்ல மண்டி. நாங்கள் புராட்டஸ்டண்ட். எங்கள் சபைக் கோயிலில் சிலையும் கிடையாது, படமும் கிடையாது. வெள்ளைச் சுவர், ஒரு மரச்சிலுவை, ஒரு கடிகாரம். அப்பா அதையே கொஞ்சம் அதிகம் என்று நினைக்கிறவர். ஆர்.சி.க்காரர்களின் அற்புதக் கதைகளைக் கேட்டால் அவருக்கு மூக்கு விடைக்கும். இந்த ஊர் மாட்டுக் கதையை நான் சொன்னபோது தராசிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னார்: “மாடு மக்கர் பண்ணுன எடத்துல எல்லாம் கோயில் கட்டுறதா இருந்தா, தேனிச் சந்தையில நடக்க வழி இருக்காது ஆத்தா.”

எனக்கு உத்தமபாளையம் கோர்ட்டில் டைப்பிஸ்ட் வேலை கிடைத்ததும், பக்கத்தில் இந்த ஊரில் இருந்த என் அத்தை வீட்டில் தங்கவைத்தார்கள். அத்தை அப்பாவுக்கு அக்கா, புருஷனை இழந்தவர், சர்க்கார் மருத்துவச்சி. ஊரில் பாதிப் பேரின் முதல் அழுகையைக் கேட்டவர். அதனால் ஊரில் யாரையும் அவர் ‘ஏலே’ என்று கூப்பிடலாம், பங்குச் சாமியார் ஒருவர் தவிர. அவர் வெளியூரில் பிறந்தவர். அத்தை வாடகைக்கு இருந்த வீடு, வண்டி வருகிற தெருவிலேயே, கோயிலுக்குக் கொஞ்சம் முன்னால் இருந்தது.

இனி என்னவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். இத்தனை வருஷம் கழித்து எழுதும்போதும் பேனா ஒரு குதி குதிக்கிறது. கோர்ட்டில் என் டைப்ரைட்டரின் தோல் வார் அறுந்துபோனது. மதுரைக்கு எழுதிப்போட்டும் கம்பெனி மெக்கானிக் வரவில்லை. கம்பம் ரோட்டில் ஆயில் என்ஜின் பட்டறை வைத்திருந்த ஒருவரைக் கூட்டிவந்தார்கள். கைநிறையக் கிரீஸோடு வந்தவர், தையல் மிஷின் வாரை அளந்து வெட்டிக் கோத்துப் போட்டுவிட்டு, ‘அடிச்சுப் பாருங்க’ என்றார். அடித்துப் பார்த்தேன். மிஷின் ஓடியது. அன்றைக்கு அடித்த வாரண்டில் பிரதிவாதியின் ஊரை மாற்றி அடித்துவிட்டு ஹெட் கிளார்க்கிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். மாற்றி அடித்த ஊர் அவருடைய ஊர். அதாவது இந்த ஊர். அந்தக் கதையில் வருகிற வண்டிக்காரன் இருக்கிறானே, அவனுடைய வம்சம் இவர்தான். இவருடைய அப்பாவுக்கு முழங்கால் போனதிலிருந்து இவர்தான் வண்டியில் உட்காருகிறார்.

எப்படியும் கத்தரிக்காய் முத்தினால் சந்தைக்கு வந்துதானே ஆக வேண்டும். அத்தை கண்டுபிடித்துவிட்டார். திட்டவில்லை, யோசித்தார். “ஆடிக் கறக்குற மாட்ட ஆடிக் கறக்கணும், பாடிக் கறக்குற மாட்டப் பாடிக் கறக்கணும். ஓங்கப்பன நான் பாத்துக்கிறேன்” என்று தேனிக்கு பஸ் ஏறினார். நல்ல வரன், நல்ல குடும்பம், தொழில் உண்டு, குடி இல்லை, ஆனால் ஆர்.சி. என்று, ஏதோ தானே தேடிப் பிடித்த வரனைப் போலச் சொல்லியிருக்கிறார். அப்பா சொன்னாராம்: “ஆர்.சி.ங்கிறத நான் முழுங்கப் பாக்குறேன் அக்கா. ஆனா இதுல லவ்வு கிவ்வுன்னு ஏதாவது இருந்து, அத எங்கிட்ட மறைச்சிருந்தீகன்னா, இந்தப் பேச்சே இத்தோட சரி. திருவிழாவுக்கு வந்து ஆளப் பாத்துட்டு, அன்னைக்கு சாயங்காலமே சொல்லிப்புடுறேன்.”

அத்தை என்ன சொன்னார்? “அந்தப் பிள்ளைக ஒண்ணுக்கொண்ணு பேசுனதுகூட இல்ல தம்பி” என்று சொல்லிவிட்டு வந்தார். எனக்கும் பட்டறைக்காரருக்கும் பயம்தான். ஆனால் எங்களுக்கு அப்போது எது நடந்தாலும் சிரிப்பாகவே இருந்தது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறோம் என்று தெரிந்தும் சிரித்தோம்.

மே மாதம் கோர்ட்டுக்கு விடுமுறை. காளைகளைப் பழக்குகிற நாட்களும் அவைதான். தினம் சாயங்காலம் வண்டி எங்கள் வாசலுக்கு வந்ததும் அவர் நிறுத்தி இறங்கிவிடுவார். கடையாணி லூஸாக இருக்கிறது என்பார். ஒரு மெக்கானிக்கின் வண்டியில் எத்தனை நாளைக்குத்தான் கடையாணி லூஸாக இருக்கும்? அதனால் நான் ஒரு சாக்குக் கண்டுபிடித்தேன். மாட்டுக்குத்தான் நிறுத்தினார் என்று தெரு நினைக்கட்டும் என்று, அப்பா மாதாமாதம் அத்தைக்கு அனுப்புகிற மண்டைவெல்லத்தில் ஆளுக்கொரு கட்டி எடுத்து ஜன்னல் வழியாகக் காளைகளுக்குக் கொடுப்பேன். அவை நாக்கைச் சுழற்றித் தின்று முடிப்பதற்குள் நாங்கள் பேசி முடித்துவிட வேண்டும். என்ன பேசினோம் என்று கேட்காதீர்கள். பட்டறைக்கு வந்த பம்புசெட்டுகளைப் பற்றித்தான் பேசினோம். பிஸ்டன் ரிங் தேய்ந்துபோன கதையைக் கேட்டு உலகத்தில் வேறு எந்தப் பெண்ணாவது உருகியிருப்பாளா என்று தெரியவில்லை. சில நாள் கட்டி பெரியதாக எடுப்பேன். பானை காலியானதும் இன்னும் வெல்லம் அனுப்பச் சொல்லித் தேனிக்கு எழுதினேன்.

தெருவுக்கு எல்லாம் தெரியும். தெரியக் கூடாதது இரண்டு பேருக்குத்தான்: தேனியில் அப்பாவுக்கு, கோயிலில் சாமியாருக்கு.

திருவிழா அன்று அப்பா மத்தியானமே வந்து இறங்கினார். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, கையில் குடை, கக்கத்தில் நாளிதழ். சாப்பிட்டுவிட்டு முன்னறையில் நாற்காலியைத் தெருவுக்கு முதுகுகாட்டித் திருப்பிப் போட்டுக்கொண்டார். “செல போற வரைக்கும் நான் பேப்பர் படிக்கிறேன். போனப்புறம் அந்தப் பையன் வீட்டுக்குப் போவோம்” என்றார். நான் பட்டுச் சேலையில் ஜன்னலோரம் நின்றேன். மூளையோடு ஒரு காரியம் செய்ததாக அப்போது நினைப்பு எனக்கு: வெல்லப் பானையை அடுக்களையில் மேல் பரணுக்கு ஏற்றிவைத்திருந்தேன். கையில் வெல்லம் இல்லாவிட்டால் காளைகள் பேசாமல் போய்விடும் என்று நம்பினேன்.

நாலரை மணி வெயிலில் பேண்டு செட் முழக்கத்தோடு ஊர்வலம் தெருவில் திரும்பியது. முன்னால் கொடிகள், பிறகு பேண்டு, பிறகு வண்டி. வண்டிக்குள், பங்குச் சாமியாருக்கு உதவியாக இருக்கிற உபதேசியார் வெள்ளைக்காரச் சாமியார் வேஷத்தில், பஞ்சுத் தாடி வியர்வையில் ஒருபக்கம் கழன்று தொங்க, மாதாவை ஒரு கையால் பிடித்தபடி உட்கார்ந்திருந்தார். முன்னால் என் ஆள். தலைப்பாகை, வெற்று மார்பு, கையில் பூச்சாட்டை. விடிந்ததிலிருந்து தண்ணீர் குடிக்காத உதடு வெடித்திருந்தது. என் பக்கம் பார்க்கக் கூடாது என்று பேசிவைத்திருந்தோம், பார்க்கவில்லை. அப்படிப் பார்க்காமல் இருந்ததே ஊருக்கு நன்றாகத் தெரிந்தது.

எங்கள் வாசலுக்கு நேரே வந்ததும் காளைகள் நின்றன.

நின்றது மட்டுமா? வலது காளை கழுத்தைத் திருப்பி ஜன்னலைப் பார்த்தது. என்னைப் பார்த்ததும் அதற்கு வந்த சந்தோஷத்தை என்னவென்று சொல்ல. இடது காளையையும் வண்டியையும் மாதாவையும் உபதேசியாரையும் சேர்த்து இழுத்துக்கொண்டு ஓரமாக வந்து, முகத்தை ஜன்னல் கம்பிகளுக்கு இடையில் கொண்டுவந்து, நாக்கை நீட்டி என் கையை நக்கியது. பேண்டுக்காரர்கள் பின்னால் நடந்தது தெரியாமல் கொஞ்ச தூரம் வாசித்துக்கொண்டே போய்விட்டுத் திரும்பி ஓடிவந்தார்கள். அப்பா நாளிதழை மடித்தார். நாற்காலியைத் திருப்பினார். கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்தது என்பார்கள்; எங்களுக்குக் கும்பிடாத தெய்வமே வாசலில் வந்து நின்றது.

என் ஆள் மாட்டைத் தட்டிக் கொடுத்தார், நாக்கைச் சொடுக்கினார், கெஞ்சினார். காளைகள் காதை ஆட்டிக்கொண்டு நின்றன. அடிக்கவோ இறங்கவோ அவருக்கு வழியில்லை.

வெளியூர்க் கூட்டத்தில் ஒரு பெண் முதலில் கும்பிட்டாள். “மாதா எடம் மாத்திட்டா” என்றாள். அவ்வளவுதான். ஜனங்கள் தெருவில் முழங்காலிட ஆரம்பித்தார்கள். புதுக் கோயில் இங்கேதான் என்று பேச்சு பரவியது. அத்தை பதறிப்போய் வாசலுக்கு ஓடினார். “ஏப்பா, நான் வாடகைக்கு இருக்கேன், எதுனாலும் வீட்டுக்காரரக் கேட்டுக்கங்க” என்றார். எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. முந்தானையை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டேன்.

அப்போதுதான் எங்கள் தெருக்காரர்களைக் கவனித்தேன். தினம் சாயங்காலம் எல்லாவற்றையும் பார்த்த ஜனங்கள். எதிர் வீட்டு அம்மாள், சைக்கிள் கடைக்காரர், தண்ணீர்க் குழாயடிப் பெண்கள். அத்தனை பேரும் உண்மை தெரிந்தவர்கள். எங்களைக் காட்டிக்கொடுக்காமல், வெளியூர்க்காரர்களைவிட உரக்க, “மாதா சித்தம், மாதா சித்தம்” என்றார்கள். எதிர் வீட்டு அம்மாள் என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டிவிட்டு மறுபடி மாதாவைக் கும்பிட்டார். அன்றைக்கு அந்தத் தெரு முழுவதையும் கட்டிக்கொள்ளலாம் போல இருந்தது எனக்கு.

கோயில் முன்னால் சொம்போடு காத்திருந்த சம்சாரி வீட்டுப் பெரியவர், வண்டி வராததால் நடந்தே வந்துவிட்டார். தன் காளையைப் பார்த்தார். அதன் நாக்கைப் பார்த்தார். நாக்கு போகிற இடத்தில் என் கையைப் பார்த்தார். மாடு வளர்க்கிறவருக்குப் புரிய எவ்வளவு நேரம் ஆகும்? ஆனால் முகத்தில் ஒன்றும் காட்டாமல், வாசலுக்கு வந்திருந்த அப்பாவிடம் சொம்பை நீட்டினார்.

“மொதலாளி, மாடு எங்கன நிக்கிதோ அங்கனதான் மொதத் தண்ணி. இந்த வீட்டுல நீங்கதான் பெரியவுக. நீங்க குடுக்கணும்” என்றார்.

“எங்க சபையில செலைக்குத் தண்ணி குடுக்குற வழக்கம் இல்லீங்கய்யா” என்றார் அப்பா.

“செலைக்கு எதுக்குத் தண்ணி? வண்டிக்காரனுக்குத்தான். காலையில இருந்து காஞ்சு கெடக்கான்.”

அப்பா சொம்பை வாங்கவில்லை. வாசற்படியில் நின்று கேட்டார்: “நான் ஒண்ணு கேக்குறேன். இந்த மாடு ஏன் நின்னுச்சு?”

“மாதா சித்தம்” என்றது தெரு.

“எங்க பாட்டன் பூட்டன் காலத்துலயும் இப்படித்தான் நின்னுச்சாம்” என்றார் பெரியவர்.

“அந்தக் காலம் எனக்குத் தெரியாது. இன்னைக்கு ஏன் நின்னுச்சு?” என்று கேட்டுவிட்டு அப்பா வண்டியில் இருந்தவரை நிமிர்ந்து பார்த்தார். “ஓட்டிட்டு வந்தது நீங்க. நீங்க சொல்லுங்க தம்பி.”

‘மாதா சித்தம்’ என்று இரண்டு வார்த்தை சொன்னால் போதும். ஊரே அதற்குச் சாட்சி. அப்பா நம்பமாட்டார், ஆனால் மறுக்கவும் முடியாது. எனக்குக் கல்யாணம் நடந்துவிடும். சொல்லுங்கள், சொல்லித் தொலையுங்கள் என்று நான் மனதுக்குள் கத்தினேன். எந்தச் சிலையிடமும் கேட்காதவள் அந்த நிமிஷம் அந்த மரச்சிலையிடமும் கேட்டுவிட்டேன்.

அவர் பூச்சாட்டையை மடியில் வைத்துவிட்டு அப்பாவைப் பார்த்தார்.

“வெல்லத்துக்கு நின்னுச்சுங்கய்யா” என்றார்.

வண்டிக்குள் உபதேசியார் தாடியோடு தலையில் அடித்துக்கொண்டார்.

“தெனமும் சாயங்காலம் நாந்தான் இங்கன நிறுத்துவேன். உங்க மக மாட்டுக்கு வெல்லம் குடுப்பாக. மாட்டுக்கில்ல, நாங்க பேசிக்கிறதுக்கு. மாடு பழகிருச்சு. உங்ககிட்ட மறைச்சது தப்பு. அதுக்காக மாதா மேல பழியப் போட எனக்கு மனசு வரலங்க.”

சைக்கிள் கடையில் ஓடிக்கொண்டிருந்த டிரான்சிஸ்டரை யாரோ அணைத்தார்கள். முழங்காலிட்டிருந்த வெளியூர்க்காரர்கள் எழுந்திருப்பதா வேண்டாமா என்று தெரியாமல் பாதியில் நின்றார்கள். எனக்கு அவர்மேல் வந்த கோபம் இருக்கிறதே, அந்தப் பூச்சாட்டையை வாங்கி அவரையே இரண்டு போடலாம் போல வந்தது. அதே நிமிஷம், இந்த மனுஷனைத் தவிர இந்தப் பள்ளத்தாக்கில் இன்னொருத்தனைக் கட்டிக்கொள்ள மாட்டேன் என்றும் தெரிந்தது.

அப்பா என் பக்கம் திரும்பினார்.

“வெல்லம் யாரு வெல்லம்?”

“நம்ம மண்டி வெல்லம்தான்ப்பா.”

“நான் அக்காவுக்கு அனுப்புற மொதத் தரமா?”

“ஆமா.”

“மாட்டுக்கு மொதத் தரமா குடுப்பாக?” என்றார் அப்பா. உண்மையான வேதனை அந்தக் குரலில் இருந்தது. “கேட்டிருந்தா பாகு முறிஞ்ச வெல்லம் ரெண்டு சிப்பம் சும்மாவே அனுப்பியிருப்பேனே ஆத்தா. ரெண்டு பொம்பளைக எப்படி இம்புட்டு வெல்லத்தத் திங்கிறாகன்னு, அக்காவுக்குச் சக்கர வியாதி வந்துருமோன்னு நெனச்சு நான் கவலப்பட்டுக்கிட்டுக் கெடக்கேன்.”

முதலில் சிரித்தது பெரியவர். அவர் சிரித்ததும் தெரு சிரித்தது. குழாயடிப் பெண்கள் ஒருவர் தோளில் ஒருவர் விழுந்து சிரித்தார்கள். பேண்டுக்காரர்கள் வாயில் வைத்த கருவியை எடுக்காமலே சிரித்ததில் அது வேறு கண்டபடி பிளிறியது. உபதேசியாரின் தாடி முழுக்கக் கழன்று மாதாவின் காலடியில் விழுந்தது. அப்பா சிரிக்கவில்லை. அவர் முகத்தில் எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. பெரியவர் கையிலிருந்த சொம்பை வாங்கினார். படியிறங்கினார். வண்டியோரம் போய், தன் கடையில் யார் வந்தாலும் உட்கார்ந்தபடியே பேசுகிற மனுஷன், அண்ணாந்து பார்த்துச் சொம்பை உயர்த்திப் பிடித்தார்.

“குடிங்க மாப்பிள்ளை” என்றார்.

அவர் குடித்தார். மார்பெல்லாம் வழிய வழியக் குடித்தார். நான் பரணில் ஏறி வெல்லப் பானையை எடுத்துக்கொண்டு தெருவுக்கு ஓடினேன். பட்டுச் சேலையில், காளைகளுக்கு முன்னால் வெல்லக்கட்டியைக் காட்டிக் காட்டிப் பின்னோக்கி நடந்தே மாதாவைக் கோயில்வரை கொண்டுபோய்ச் சேர்த்தேன். பேண்டு செட் சர்ச்சுப் பாட்டை விட்டுவிட்டுக் கல்யாணப் பாட்டுக்குப் போய்விட்டது. பங்குச் சாமியார் கோயில் வாசலில் அந்தக் காட்சியைப் பார்த்துத் திகைத்து நின்றார். கல்யாணம் அந்தக் கோயிலில்தான் நடந்தது. விருந்துக்கு முன்னால் எங்கள் சபைப் போதகரான ஐயர் ஜெபம் செய்தார், நீளமாக.

மறு வருஷமும் வண்டி அத்தை வீட்டு வாசலில் நின்றது. யாரும் நிறுத்தவில்லை என்று சொல்ல முடியாது. ஊரே நிற்க வேண்டும் என்று ஆசைப்பட்டது. அப்பா தேனியிலிருந்து முதல் பஸ்ஸில் வந்து சொம்பு நீட்டினார். ‘நான் எம் மாப்பிள்ளைக்குக் குடுக்கிறேன்’ என்று கேட்காதவர்களிடமும் சொல்லிக்கொண்டார். அதற்கடுத்த வருஷமும் வந்தார். அப்படியே அது முறையாகிவிட்டது. எங்களுக்குப் பிள்ளைகள் பிறந்தார்கள். பட்டறையில் டீசல் போய் மின்சார மோட்டார்கள் வந்தன. கோயில் கோபுரத்தில் குழாய் ஒலிபெருக்கி கட்டித் திருவிழா முழுக்கக் கோயில் வரலாற்றைச் சொல்ல ஆரம்பித்தார்கள்.

வரலாறு வருஷத்துக்கு வருஷம் வளர்ந்தது. முதலில் ‘நம் தெருவில் நடந்த நிகழ்ச்சி’ என்றார்கள். பிறகு ‘தேனி வணிகர் ஒருவர்’ என்றார்கள். எண்பதுகளில் ஒரு திருவிழாவில், வெளியூரிலிருந்து வந்த இளம் உபதேசியார் ஒருவர் மைக்கில் சொன்னார்: நாயக்கர் காலத்தில் மாதா மதுரைக்குப் போகும் வழியில் ஒரு வணிகரின் வாசலில் நின்றாள். அவர் நம்பிக்கை இல்லாதவர். மாதா வண்டிக்காரன் வாயிலாகத் தண்ணீர் கேட்டாள். வணிகர் மனம் மாறி, முழங்காலிட்டு, கண்ணீரோடு தண்ணீர் கொடுத்தார். வெல்லத்தைப் பற்றி ஒரு பேச்சும் இல்லை. நான் எங்கேயும் இல்லை.

அப்பா அப்போது அத்தை வீட்டு முன்னறையில் உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தார். வயதாகிவிட்டது, காது மட்டும் நன்றாகக் கேட்கும். எடையில் ஒரு குன்றிமணி பிசகினாலும் கடைப்பையனைத் திருப்பி நிறுக்கச் சொல்கிற மனுஷன். மைக்கைப் பிடுங்கப் போகிறார் என்று நான் எழுந்து நின்றேன்.

“நான் போய்த் திருத்தச் சொல்லட்டுமாப்பா?” என்றேன்.

“கதை நல்லாத்தான இருக்கு. விடு” என்றார்.

காப்பியைக் குடித்து முடித்தார். டம்ளரைக் கீழே வைத்தார்.

“ஒண்ணு மட்டும் சேத்துக்கிறச் சொல்லு” என்றார். “தண்ணி குடுத்த அன்னைக்கு அந்த ஆளுக்குக் கை நடுங்குச்சு. ஒத்த மக. வேற கோயிலுக்குக் குடுத்துட்டா வீட்டுக்கு வருவாளோ மாட்டாளோன்னு நடுங்குச்சு. சொம்ப மேல தூக்குனதே அத யாரும் பாக்கக் கூடாதுன்னுதான் ஆத்தா.”